5⁷ ÷ 5⁴ சுருக்கும் விதிக்கு என்ன பெயர்?

அனைவருக்கும் வணக்கம்.

எட்டாம் வகுப்புக் காணொளிப் பாடம் ஒன்றின் மொழிபெயர்ப்பை வெள்ளிக்கிழமைக்குள் கொடுத்தாக வேண்டும். 5⁷ ÷ 5⁴ = 5³ என்று சுருக்கும் விதிக்குப் பெயர் தேவை. 'அடிமானம்', 'அடுக்கு' இரண்டும் பாடநூலில் உள்ளவை, அவற்றில் கை வைக்கவில்லை. விதியை 'அடுக்குக் கழித்தல் விதி' என்று எழுதியிருக்கிறேன். அடிமானம் ஒன்றானால் அடுக்குகளைக் கழி என்று பெயரே சொல்லிவிடும். சரிதானா?

———

ஐயா, 'அடுக்கு' அருமையான சொல். ஒரு சொல் நான்கு முறைவரை அடுக்கும் என்கிறது நன்னூல். இங்கே ஐந்து ஏழு முறை அடுக்கி நிற்கிறது. இரட்டைக்கிளவியைப் பிரித்தால் பொருள் போய்விடும், அடுக்குத்தொடரைப் பிரிக்கலாம். அப்படிப் பிரிவதால்தான் மேலே உள்ள ஏழு ஐந்துகளில் நான்கை, கீழே உள்ள நான்கோடு அடித்துவிட முடிகிறது.

ஆனால் 'கழித்தல்' வேண்டாம், 'ஈவு விதி' என்போம். 'ஈ' என்ற வினையில் பிறந்த சொல் அது. ஈ, தா, கொடு மூன்றையும் தொல்காப்பியர் இழிந்தோன், ஒப்போன், உயர்ந்தோன் கூற்றுகளாகப் பிரிக்கிறார். அப்படிப் பார்த்தால் வகுபடும் எண்ணிடம் வகுக்கும் எண் இரந்து பெறுவதே…

———

> இரந்து பெறுவதே

இதைத் தனி இழையில் பேசலாம் ஐயா, வெள்ளிக்கிழமை வந்துவிடும்.

வகுப்பில் 'கழித்தல் விதி' என்று சொல்லிப் பாருங்கள், 5⁷ − 5⁴ = 5³ என்று எழுதி வைப்பார்கள். 78,125-இல் 625 போனால் 77,500. 5³ வெறும் 125. இன்னும் சிலர் ஐந்தை ஐந்தால் அடித்துவிட்டு 1³ என்பார்கள். விதியை எப்போது எடுக்க வேண்டும் என்பதைத்தான் பெயர் சொல்ல வேண்டும். செய்முறையைப் பாடம் சொல்லட்டும். 'ஈவு' நல்ல தமிழ்தான், ஆனால் அதைக் கேட்டதும் பிள்ளைகளுக்கு நினைவு வருவது மீதி. என் ஓட்டு 'வகுத்தல் விதி'.

———

இலங்கைப் பாடநூல்களில் அடுக்கு 'சுட்டி', அடிமானம் 'அடி'. அங்குள்ள பிள்ளைகளும் பார்ப்பார்கள் என்றால் ஒருமுறையாவது அடைப்புக்குறிக்குள் கொடுங்கள்.

வெறும் 'வகுத்தல் விதி' என்றால், இரு சார்புகளின் ஈவை வகையிடும் விதியோடு பின்னால் குழம்பும். 'அடுக்கு வகுத்தல் விதி'?

———

அது இன்னும் மோசம். அடுக்குகளையே வகுத்து 5⁸ ÷ 5⁴ = 5² என்பார்கள். நுண்கணிதம் வரும்போது 'வகையிடலின் வகுத்தல் விதி' என்று அங்கே சேர்த்துக்கொள்ளலாம்.

———

சரி, 'வகுத்தல் விதி' என்றே அனுப்புகிறேன். முதல் காட்சியில் மட்டும் சுட்டி, அடி இரண்டும் அடைப்புக்குறிக்குள். அனைவருக்கும் நன்றி.

———

பெரும்பான்மைக்குக் கட்டுப்படுகிறேன், உடன்படவில்லை. 5⁴ ÷ 5⁴ வரும்போது 5⁰ ஏன் 1 என்று பிள்ளை கேட்டால், ஈவு 1 என்றுதானே விளக்குவீர்கள்?