படுவான்கரை டவர்: கட்டுறதுக்குக் காசா, நடத்துறதுக்குக் காசா?

வாவிக்கரை:
கல்லடியில இருந்து களுவாஞ்சிகுடி வரைக்கும் திரும்பின பக்கமெல்லாம் டவர். மட்டக்களப்பு வாவியைத் தாண்டிப் படுவான்கரையில வெல்லாவெளிப் பக்கம் உள்ளுக்குப் போனால் சிக்னல் ஒரு கோடுதான். லைசன்ஸ் குடுக்கிற ஆணைக்குழுவுக்கு "அங்கயும் போடு" எண்டு சொல்ல ஏலாதா? கிராமங்களுக்குத் தொலைபேசி குடுக்கவெண்டு வெளிநாட்டு அழைப்புக்கு அறவிடுற காசு எங்க?

கணக்கப்பிள்ளை:
சொல்லலாம். ஆனால் 500 பேருக்கும் 5,000 பேருக்கும் டவரின் இரும்பு ஒண்டுதான், காணி வாடகையும் ஒண்டுதான். கல்முனையில வீட்டோட வீடு முட்டி நிக்கிறதால அந்தச் செலவை ஆயிரக்கணக்கான சிம் சுமக்கும். வயலுக்கு நடுவில சுமக்க ஆளில்ல.

நீங்க சொல்ற வரி 2004ஆம் ஆண்டின் 11ஆம் இலக்க நிதிச் சட்டத்தில வந்தது. கட்டாரில இருந்து வாற ஒவ்வொரு நிமிசத்திலயும் கொஞ்சம் விழும். இப்ப ஆரு அப்படி எடுக்காங்க? எல்லாம் வாட்ஸ்அப், ஐஎம்ஓ. நிமிசம் வத்த வரியும் வத்தும். இந்தியா இதே வேலைக்குத் தொலைபேசிக் கம்பனிகளிட வருமானத்தில 5 வீதம் எடுக்குது. டேட்டா வித்த காசும் அதுக்குள்ள அகப்படும். கெட்டித்தனம் அதுதான்.

மின்கம்பி:
காசு வந்தாலும் குடுக்கிற முறையில வில்லங்கம் இருக்கு. சிலி நாடு 1990களில கிராமத் தொலைபேசிக்கு ஏலம் விட்டது: ஆகக் குறைஞ்ச மானியம் கேட்கிறவருக்கே ஊர். சில ஊர்களை ஒரு சதமும் கேளாமலே எடுத்தாங்க. ஆனால் கட்டி முடிச்ச அண்டே முழுக்காசையும் குடுத்தால், பிறகு பற்றரி மாத்த ஒருத்தரும் வரமாட்டாங்க. கரண்ட் போனால் டவர் நிக்கிறதே பற்றரியில. ஈய பற்றரிக்கு எங்கட வெக்கை ஆகாது, வேளைக்கே செத்துரும். அதால மானியத்தைப் பகுதி பகுதியா, டவர் வேலை செஞ்ச மணித்தியாலத்தைப் பார்த்துக் குடுக்கணும். மத்தக் கம்பனிகளும் அதே டவரில அன்டனா கட்டலாம் எண்டதையும் ஒப்பந்தத்திலயே எழுதிரணும்.

வாகரைக்காத்து:
முறைப்பாட்டுக்கு முன்னம் அளந்து பாருங்க. சிக்னல் அளக்கிற செயலியில ஆர்.எஸ்.ஆர்.பி (போனுக்கு வந்து சேர்ற சிக்னலின் பலம்) -85 எண்டால் நல்லது, -115 எண்டால் டவர் எட்டல்ல. -90 காட்டியும் இரவு 8 மணிக்கு வீடியோ சுத்திக்கொண்டே நிண்டால் அது கனபேர் ஒரே நேரத்தில பாவிக்கிற நெரிசல். சிக்னல் குறை எண்டு எழுதினால் பிழையான வேலைதான் நடக்கும். முதல்ல கம்பனியிட்ட முறைப்பாட்டு இலக்கம் எடுங்க, அதோட ஆணைக்குழுவுக்கு எழுதுங்க.

வாவிக்கரை:
கரண்ட் இருந்தால் -108. கரண்ட் போய் இருபது நிமிசத்தில ஒண்டுமே இல்ல. இது எதில சேரும்?

மின்கம்பி:
பற்றரி. கரண்ட் போன நேரத்தையும் சிக்னல் போன நேரத்தையும் பக்கத்துப் பக்கத்தில எழுதுங்க.