கியோட்டோ கியோன் திருவிழா: தேர் முக்கில் திரும்பும்போது

பதிவு 1
ஜப்பானின் கியோட்டோ நகரம், ஜூலை 17 காலைத் தேர் ஊர்வலம், ஷிஜோ – கவராமச்சி தெருக்கள் சந்திக்கும் முக்கு. நகினாதா ஹோக்கோ (ஹோக்கோ என்றால் உயரமான தேர்) வந்து நின்றது. ஏறக்குறைய 12 டன் தேர், ஆளை மறைக்கும் சக்கரங்கள், ஆனால் அச்சு திரும்பாது. முன்சக்கரங்களுக்கு அடியில் பிளந்த பச்சை மூங்கிலைப் பரப்பித் தண்ணீர் ஊற்றினார்கள். வடத்தைப் பக்கவாட்டில் மாற்றிக் கட்டினார்கள். தேர் முன்னால் நின்றவர்களின் சைகை விசிறிகள் வீசின, வடம் விறைத்தது, மூங்கில் நெரிந்தது, ஒரே இழுப்பில் தேர் வழுக்கிக் கொஞ்சம் திரும்பியது. அந்த நெரியும் சத்தம் காதை விட்டுப் போகவே இல்லை.

பதிவு 2
ஒரே இழுப்பில் 90 டிகிரி திரும்பாது. மூன்று நான்கு தடவை இழுக்க வேண்டும். ஒவ்வொரு தடவையும் மூங்கிலைச் சரிசெய்து, மறுபடி நனைத்துத்தான் அடுத்த இழுப்பு. சக்கரம் மூங்கிலை விட்டு இறங்கித் தார்ச்சாலையைத் தொட்டால் பிடித்துக்கொள்ளும், எத்தனை பேர் இழுத்தாலும் நகராது. தண்ணீர் மட்டும் போதாது. பின்சக்கரம் வெறுந்தரையில் ஊன்றி நின்றால்தான் முன்பக்கம் சுழலும்.

பதிவு 3
மூங்கில் மட்டுமா நெரிந்தது? மரச்சட்டங்களும் முனகும். சட்டங்களை ஆணியே இல்லாமல் வைக்கோல் கயிற்றால் இறுக்கிக் கட்டுகிறார்கள். பெயர் நவாகராமி. பக்கவாட்டு இழுப்பில் சட்டம் முறுக்கும்போது கயிறு கொஞ்சம் நெகிழ்ந்து கொடுக்கும். விறைப்பாக ஆணி அடித்திருந்தால் அந்த இடத்தில் மரம் பிளந்துவிடும். ஜூலை 10 முதல் நாள்கணக்கில் கட்டுவதை, ஊர்வலம் முடிந்த அன்றே பிரிக்கத் தொடங்கிவிடுகிறார்கள். அந்த முடிச்சுகளின் அழகைப் பார்க்காமல் சக்கரத்தையே பார்த்துவிட்டு வருவது பெரிய இழப்பு.

பதிவு 4
போகிறவர்கள் கவனிக்க. ஷிஜோ முக்கில் கூட்டம் நெரிக்கும். ஓய்கே தெருவிலிருந்து ஷின்மச்சி தெருவுக்குள் திரும்பும் இடத்துக்குப் போங்கள். தெரு குறுகல். தேர்க்கூரை மேல் இருப்பவர்கள் கம்பியும் வீட்டு இறவாரமும் இடிக்காமல் பார்த்து, தேவைப்பட்டால் காலால் உந்தித் தள்ளுவார்கள். 12ஆம் தேதி பிற்பகல் சில ஹோக்கோக்களுக்கு வெள்ளோட்டம் உண்டு. அதில் பொதுமக்களும் வடம் பிடிக்கலாம். 24ஆம் தேதி ஊர்வலத்தையும் விட்டுவிடாதீர்கள். 1966இல் 17ஆம் தேதியோடு சேர்த்துவிட்ட அந்த ஊர்வலம் 2014இல்தான் தனியாகத் திரும்பியது. 1864 தீயில் அழிந்த கப்பல் வடிவ ஓஃபுனே ஹோக்கோ மறுபடி வலம் வந்ததும் அந்த ஆண்டுதான். தேரடியில் விற்கும் சிமாகி தின்பண்டம் இல்லை, நோய் அண்டாமலிருக்க வைக்கும் காப்பு. வாசல் நிலைக்கு மேல் மாட்டுங்கள். அடுத்த ஜூலையில் புதியது வாங்கி மாற்றிக்கொள்ளலாம்.