அப்டேட்: வினிகர் வாடை அடிச்ச 16 எம்எம் ரீல்

டப்பாவ திறந்தாலே வினிகர் வாடை அடிக்குதுன்னு போன த்ரெட்ல சொன்னேன்ல, தேர்த்திருவிழாவ படம் பிடிச்ச அந்த பழைய ஃபிலிம் ரீல். சட்டுனு தீப்பிடிக்கிற அந்தக்கால நைட்ரேட் ஃபிலிமா இருக்கும்னு சிலர் பயமுறுத்தினீங்க, இல்லங்க, 16 எம்எம்ம கோடாக் 1923ல கொண்டுவந்தப்பவே அசிடேட்தான் (லேசுல தீப்பிடிக்காத, ஆனா கெட்டுப்போனா வினிகர் வாடை அடிக்கிற ஃபிலிம்), ஓரத்துலயே சேஃப்டின்னு அச்சும் இருக்கு.

அமிலம் எவ்ளோன்னு நிறம் மாறிக் காட்டுற நீலக்கலர் காகிதப் பட்டை, ஏ-டி ஸ்ட்ரிப்ப, டப்பாவுக்குள்ள போட்டு மூடி வச்சு எடுத்தா பச்சையத் தாண்டி மஞ்சளாயிட்டு வருது, அதாவது அமிலம் நல்லா ஏறிடுச்சு, அந்த அமிலமே மறுபடி ஃபிலிம அரிக்கும், நிறுத்த வழியில்ல, குளிர்ல வச்சு மெதுவாக்கலாம் அவ்ளோதான். சுருங்கிப்போனதால புரொஜெக்டர் பக்கமே போகல, ஏத்தினா பல்சக்கரம் ஃபிலிம் ஓரத்து ஓட்டைய எல்லாம் கிழிச்சிடும், பல்லில்லாத ரோலர் ஸ்கேனர்லதான் ஓட்டினோம். வடம் பிடிக்கிறவங்க முகம் வரைக்கும் தெரியுது!

ஸ்கேன் ஆச்சே, ரீல தூக்கிப் போடுங்கன்னு சொன்னவருக்கு: ஹார்ட் டிஸ்க் புட்டுக்கிச்சுன்னா திரும்ப எங்க சார் போறது? இதோட அமில ஆவி மத்த டப்பாக்களுக்குத் தொத்தாம ரீல தனியா வச்சிருக்கேன்.