திரைப்பட விழா இயக்குநர் ஆக வழி என்ன? பூசான் கிம் டோங்-ஹோவை வைத்து ஒரு கேள்வி

கடைசிவரிசை:
சர்வதேசத் திரைப்பட விழாவுக்கு இயக்குநராக வர உலக சினிமாவைக் கரைத்துக் குடித்திருக்க வேண்டும் என்கிறார்கள். ஆனால் தென்கொரியாவின் பூசான் விழாவை 1996-இல் தொடங்கி 2010 வரை நடத்திய கிம் டோங்-ஹோ ஓர் அரசு அதிகாரி. அப்படியானால் எந்தப் படியில் ஏறுவது? புரோகிராமர் வேலையும் இதுவும் ஒன்றுதானா?

ஒளிக்கற்றை:
ஒன்றல்ல. படத்தைத் தேடிப் பிடிப்பவர் புரோகிராமர். பணம், அரசு, அரங்கம், அழைப்பு எல்லாவற்றுக்கும் பதில் சொல்பவர் இயக்குநர். கிம் கலாச்சார அமைச்சகத்தில் வளர்ந்தவர். 1988 முதல் 1992 வரை அரசின் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துக்குத் தலைவர், பிறகு கலாச்சாரத் துணை அமைச்சர். எந்தக் கதவை எப்போது தட்டணும் என்று தெரிந்தவர். ஆசியப் படங்களைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பு தொடக்க காலத்திலிருந்தே கிம் ஜி-சோக் கையில் இருந்தது. 2017 மே மாதம் கான் விழாவுக்குப் போன இடத்தில் இறக்கும்வரை அவர் அதைத்தான் செய்தார்.

பூசான் குழுவினர் ரசனையோடு நிறுத்தாமல், மற்றவர்களுக்கு அங்கே வரவேண்டிய தேவையை உண்டாக்கினார்கள். 1998-இல் பிபிபி (பூசான் புரமோஷன் பிளான்) என்ற பெயரில் தொடங்கி, 2011 முதல் ஏசியன் புராஜெக்ட் மார்க்கெட் எனப்படும் சந்தை அதற்குத்தான். இன்னும் எடுக்காத படத்தின் திரைக்கதையையும் பட்ஜெட்டையும் கொண்டுவந்து முதலீட்டாளர்களை நேரில் சந்திக்கலாம். இங்கே பணம் கிடைத்து முடிந்த படம் பிறகு திரையிடலுக்கும் இங்கேயே வரும். இதை நான் பெரிய சாதனையாகவே நினைக்கிறேன்.

மணல்மேடு:
படி என்று கேட்டால்: முதலில் தேர்வுக்கு வரும் படங்களைப் பார்த்துக் குறிப்பு எழுதும் வேலை. அடுத்து ஒரு பிரிவின் புரோகிராமர், பிறகு எல்லாப் பிரிவுகளின் படத் தேர்வையும் கவனிக்கும் நிகழ்ச்சித் தலைவர். குறிப்பில் 'அருமை' என்று எழுதினால் யாருக்கும் உதவாது. ஓடும் நேரம், மொழி, விற்பனை உரிமை யாரிடம், இதற்குமுன் எங்காவது திரையிட்டார்களா, நம் விழாவில் எந்தப் பிரிவுக்குப் பொருந்தும், ஏன். இவ்வளவும் ஒரு பக்கத்தில் அடங்கணும்.

பெரும்பாலும் சறுக்குவது முதல் திரையிடல் விஷயத்தில்தான். உலக முதல் திரையிடல் என்று அறிவித்த பிறகு, படம் வேறொரு சின்ன விழாவில் ஏற்கெனவே ஓடியது தெரியவந்தால் போட்டிப் பிரிவிலிருந்து எடுக்க வேண்டிவரும். அழைப்புக் கடிதத்திலேயே பிரிவு, எத்தனை காட்சி, திரையிடல் கட்டணம், டிசிபி (அரங்கில் ஓட்டும் டிஜிட்டல் படக் கோப்பு) வந்துசேர வேண்டிய தேதி, எதுவரை ரகசியம் என்று எழுதிவிடுங்கள். வாய்வார்த்தை பின்னால் சண்டையில் முடியும்.

ரீல்பெட்டி:
அரங்கத்துக்குள் நடப்பதும் இயக்குநருக்குத் தெரிந்திருக்கணும். பூட்டிய டிசிபியைத் திறக்கும் கேடிஎம் சாவி, அரங்கில் படத்தை ஓட்டும் குறிப்பிட்ட ஒரு சர்வருக்கு, குறிப்பிட்ட நேரத்துக்கு மட்டும் வெட்டப்படுவது. கூட்டம் அதிகம் என்று கடைசி நேரத்தில் 2-ஆம் அரங்கிலிருந்து 5-ஆம் அரங்குக்குக் காட்சியை மாற்றினால் படம் திறக்காது. மாற்ற வாய்ப்புள்ள எல்லா அரங்குகளின் சர்வர்களுக்கும் சாவி கேளுங்கள். காட்சிக்கு 2 நாள் முன்பே தொடங்கி மறுநாள் முடியட்டும். அனுப்புபவர் ஊர் நேரத்தில் கணக்குப் போட்டுவிட்டால் சாவி சில மணி நேரம் தாமதமாக உயிர்பெறலாம், அதையும் பாருங்கள். முந்தைய இரவே முதல் 5 நிமிடம், நடுவில் ஓர் இடம், கடைசி ரீல், மூன்றிலும் சப்டைட்டில் வருகிறதா என்று ஓட்டிப் பார்க்கணும்.

ஒளிக்கற்றை:
இன்னொன்று. 2014-இல் அதே ஆண்டு தென்கொரியாவில் மூழ்கிய செவோல் பயணிகள் கப்பல் விபத்து பற்றிய ஆவணப்படத்தைக் காட்ட வேண்டாம் என்றார் பூசான் மேயர். விழாக்குழுத் தலைவரும் அவரே. படம் திரையிடப்பட்டது. மறு ஆண்டு மத்திய அரசின் நிதி ஏறக்குறைய பாதியாகக் குறைந்தது. 2016-இல் அப்போதைய இயக்குநர் லீ யோங்-க்வான் பதவி இழந்தார். கொரியத் திரைத்துறையினர் புறக்கணிப்பு அறிவித்த பிறகே விதிகள் திருத்தப்பட்டு, மேயர் தலைவராக இருக்கும் வழக்கம் போனது. அந்த இடத்துக்குக் கூப்பிடப்பட்டவர் அதே கிம் டோங்-ஹோதான். ஆகவே பதவி தேடி வந்தால் சம்பளத்துக்கு முன் விழாவின் விதிப்புத்தகத்தை வாங்கிப் படியுங்கள். உங்களை நியமிப்பவர் யார், நீக்குபவர் யார், படத் தேர்வில் கடைசிக் கையெழுத்து யாருடையது என்று பாருங்கள்.