அற்புதம்னு பொருள் வர்ற பெண் குழந்தைப் பெயர்

கேள்வி: மதுரையில பதியணும். அற்புதம், அதிசயம்னு பொருள் தர்ற பேரு சொல்லுங்க. பிற மொழின்னாலும் சரி.

பதில் 1: அற்புதா, விஸ்மயா ரெண்டும் நம்ம நாக்குல நிக்கும். லத்தீன் வழி மிராண்டா, வியக்கத்தக்கவள். ஸ்பானிய மிலாக்ரோஸ் 'அற்புதங்கள்'. ஆனா கூப்பிடக் கூப்பிட 'மிலா'ன்னு சுருங்கி, பொருளே போயிரும். எபிரேய நிசிம் ஆண் பேரு, விட்ருங்க.

பதில் 2: விஸ்மயான்னா இங்கிலீஷ் எழுத்தை இப்பவே முடிவு பண்ணுங்க, கடைசியில ஒரு 'ஏ'யா ரெண்டான்னு. பிறப்புச் சான்றிதழ்ல ஒண்ணு, ஆதார்ல இன்னொண்ணுன்னா பாஸ்போர்ட்டுல இடிக்கும். பிறப்பை 21 நாளுக்குள்ள பதிஞ்சிருங்க. பேரை 12 மாசம் வரைக்கும் கட்டணமில்லாம சேர்க்கலாம், அவசரமே இல்ல.

பதில் 3: அற்புதாவே வைங்கண்ணே. கிரந்த எழுத்து கிடையாது, பிள்ளை தமிழ்ல எழுதப் பழகும்போது சுலபம்.