ஜோகன்னஸ்பர்க்கில் ஒரு சுரைக்குடுக்கை

சின்ன வயதில் கிணற்றில் நீச்சல் பழக, காய்ந்த சுரைக்குடுக்கையை அப்பா என் முதுகில் கட்டிவிடுவார். வேலை விஷயமாகத் தென்னாப்பிரிக்காவின் ஜோகன்னஸ்பர்க் போயிருந்தபோது, 90,000 பேருக்கு மேல் உட்காரும் பெரிய குடுக்கை ஒன்றைப் பார்த்தேன். எஃப்என்பி ஸ்டேடியம் என்ற கால்பந்து மைதானம். சாக்கர் சிட்டி என்றால் பலருக்குத் தெரியும். 2010 கால்பந்து உலகக் கோப்பையின் முதல் ஆட்டமும் இறுதி ஆட்டமும் அங்கேதான்.

ஆப்பிரிக்க வீடுகளில் தண்ணீரும் சோள பீரும் ஊற்றி வைக்கிற கலபாஷ் குடுக்கைதான் அதன் வடிவம். தூரத்திலிருந்து ஒரே பழுப்பாகத் தெரியும். கிட்டே போனால் வெளிச்சுவர் முழுக்கக் கான்கிரீட் பலகைகள்: ஒன்று செம்மண், பக்கத்தில் ஒன்று கருகிய பழுப்பு, அடுத்தது வைக்கோல் நிறம். சில வழவழப்பு, சில சொரசொரப்பு. பல வருஷம் புழங்கிய குடுக்கையின் தோல் அப்படியே. சுவரில் செங்குத்தாகப் பத்துப் பிளவுகள் உண்டு. ஒன்பது, அந்த உலகக் கோப்பை நடந்த மற்ற மைதானங்கள் இருக்கும் திசையைப் பார்த்தவை. பத்தாவது, 2006 இறுதி ஆட்டம் நடந்த பெர்லினை.

என்னை அழைத்துப்போனவர், இந்திய வம்சாவளியினர் நிறைய வாழும் லெனேஷியா பகுதியில் வசிக்கும் நண்பர். தமிழ் வழிக் குடும்பம், ஆனால் தமிழ் பேச வராது. இந்தக் கலபாஷை எங்கள் ஊரில் சுரைக்காய் என்போம் என்றேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது. பருப்பு போட்டு அவர் பாட்டி வைக்கும் குழம்புக்கும் அவர்கள் வீட்டில் கலபாஷ் என்றுதான் பெயராம்!

அன்று உள்ளூர்க் கால்பந்து அணிகளான கைசர் சீஃப்ஸுக்கும் ஆர்லாண்டோ பைரேட்ஸுக்கும் ஆட்டம். இரண்டு தரப்பு ரசிகர்களும் கலந்தே உட்கார்ந்திருந்தார்கள். எனக்கு இடப்பக்கம் மஞ்சள் சட்டை, வலப்பக்கம் கறுப்பு. ரசிகர்கள் ஊதும் வூவுசெலா என்ற நீள ஊதுகுழலின் சத்தம் நெஞ்சுக்கூட்டில் அதிர்ந்தது.

இடைவேளையில் நண்பர் மைதானத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். மண்டேலா விடுதலையாகி இரண்டு நாள் கழித்து, 1990 பிப்ரவரி 13 அன்று, அவர் பேச்சைக் கேட்க இங்கே திரண்ட லட்சம் பேரில் நண்பரின் அப்பாவும் ஒருவர். 2013 டிசம்பரில் மண்டேலாவின் அஞ்சலிக் கூட்டமும் இங்கேதான். அன்றைக்கு நண்பர் வந்திருக்கிறார். நாள் முழுக்க மழை, நனைந்துகொண்டே நின்றோம் என்றார். அதற்கு மேல் அவர் பேசவில்லை, நானும் கேட்கவில்லை.

வெளியே வரும்போது இருட்டிவிட்டது. பானைக்கு அடியில் தீ மூட்டியதுபோல, அடிவிளிம்பைச் சுற்றி விளக்குகள் எரிந்தன. பஸ் திரும்பும்வரை பார்த்துக்கொண்டே வந்தேன்.