கலைச்சொல்: 'வக்கியாக்கு' – பக்கநடிகரா, குணச்சித்திர நடிகரா?

மடல் 1

வணக்கம்.

ஜப்பானியத் திரைப்பட நடிகர் தகாஷி ஷிமுரா (1905–1982) பற்றிய கலைக்களஞ்சியப் பதிவு முடியும் தறுவாயில் இருக்கிறது. ஆனால் முதல் வரிக்கே ஒரு சொல் தேவைப்படுகிறது. ஜப்பானியர் இவரை 'வக்கியாக்கு' என்பார்கள். 'வக்கி' என்றால் பக்கம், 'யாக்கு' என்றால் பாத்திரம். பாத்திரத்துக்கும் அதை ஏற்பவருக்கும் அங்கே ஒரே சொல்தான்.

நம்மிடம் புழங்கும் இரண்டு சொற்களும் இடிக்கின்றன. 'துணை நடிகர்' என்பது விருது மேடையில் பெருமை, படப்பிடிப்புத் தளத்திலோ கூட்டத்தில் நிற்பவரைக் குறிக்கும். ஜப்பானிய ஸ்டூடியோக்களில் தனி ஒப்பனை அறை கிடைக்காமல் ஒரே பெரிய அறையைப் பகிர்ந்துகொண்ட சிறு நடிகர்களை 'ஓபேயா' நடிகர்கள் என்பார்கள். துணை நடிகர் என்ற சொல்லை அவர்களுக்கு விட்டுவிடலாம். 'குணச்சித்திர நடிகர்' தமிழ்நாடு அரசு விருதுப் பெயரிலேயே இருக்கிறது. ஆனால் அது நடிப்பின் தன்மையைச் சொல்கிறதே தவிர, கதையில் அவருக்கு என்ன வேலை என்பதைச் சொல்வதில்லை. நாயகன் கொஞ்சம் உருக்கமாக நடித்தாலே 'குணச்சித்திர வேடம்' என்று எழுதிவிடுகிறோம்.

என் முன்மொழிவு: நடிகருக்குப் பக்கநடிகர், பாத்திரத்துக்குப் பக்கப்பாத்திரம். கருத்துச் சொல்லுங்கள்.

மடல் 2

ஐயா, வணக்கம். சொல் சுருக்கமாக இருக்கிறது. ஆனால் இரண்டு தடைகள் தெரிகின்றன.

ஒன்று, 'பக்கம்' இன்று புத்தகப் பக்கத்தையும் இணையப் பக்கத்தையும்தான் முதலில் நினைவூட்டும். சொல்லின் முன்னொட்டாக வந்தால் பக்கவாதம், பக்கவிளைவு என்று வேண்டாத துணைகள் சேர்கின்றன.

இரண்டு, ஷிமுராவையே எடுத்துக்கொள்வோம். 1952-இல் வந்த 'இக்கிரு' முழுக்க அவர் தோளில் நிற்கிற படம். வயிற்றுப் புற்றுநோய் வந்த நகராட்சி அதிகாரி வதனாபேதான் அதன் நாயகன். அவரைப் போய்ப் பக்கநடிகர் என்றால் வாசகர் ஏற்பாரா? நாவல் திறனாய்வில் 'தலைமை மாந்தர், துணைமாந்தர்' என்ற இணை ஏற்கெனவே இருக்கிறது. 'துணைமாந்த நடிகர்' என்று வைத்தால் என்ன?

மடல் 3

அம்மா எழுப்பிய இரண்டாவது தடை முக்கியமானது. அதற்கு விடை 'வக்கி' பிறந்த இடத்தில் இருக்கிறது.

ஜப்பானின் மரபு மேடை நாடகமான 'நோ'வில் தலைமை நடிகர் 'ஷித்தே', அவருக்கு எதிரே இருப்பவர் 'வக்கி'. ஷித்தே பெரும்பாலும் முகமூடி அணிவார், வக்கி அணிவதே இல்லை. ஷித்தே ஆவியாகவோ தெய்வமாகவோ பித்துப்பிடித்த பெண்ணாகவோ வரலாம். வக்கி எப்போதும் உயிரோடு இருக்கும் ஆண். பல நாடகங்களில் ஊர் ஊராகப் போகிற துறவி. அவர்தான் முதலில் மேடைக்கு வந்து, தான் யார், எங்கே வந்திருக்கிறேன் என்று சொல்வார். பிறகு ஷித்தேயைப் பார்த்துக் கேள்வி கேட்பார். அந்தக் கேள்வியால்தான் ஷித்தேயின் கதை வெளியே வரும். அதன்பின் பார்வையாளர்க்கு வலப்புறம், மேடை முன்மூலையில் இருக்கும் 'வக்கி தூண்' அருகே போய் உட்கார்ந்துவிடுவார். சில நாடகங்களில் கடைசிவரை அசையக்கூட மாட்டார். வக்கி கலைஞர்களுக்குத் தனிப் பரம்பரை உண்டு. அவர்கள் ஷித்தே வேடம் ஏற்பதில்லை.

ஆக, வக்கி என்பது தாழ்ந்த படி என்று பொருள்படாது. எதிரே இருப்பவரைப் பேசவைப்பது என்ற வேலையைக் குறிக்கும் சொல் அது. நம் தெருக்கூத்தில் வேடக்காரரை 'நீங்கள் யார், எங்கிருந்து வருகிறீர்கள்' என்று கேட்கும் கட்டியங்காரன் இந்த வேலையில் பாதியைச் செய்கிறார். 'துணைமாந்தர்' கதையில் உள்ள ஆளைக் குறிக்கும் சொல். மாந்தரையும் நடிகரையும் ஒட்டினால் எழுதுகிறவர்க்கும் குழப்பம், படிக்கிறவர்க்கும் குழப்பம்.

இனி ஷிமுராவின் படங்களில் இந்தப் பொருள் நிற்கிறதா பார்ப்போம்.

'நொரா இனு' (1949): துப்பாக்கியைப் பறிகொடுத்த இளம் துப்பறிவாளராகத் தொஷிரோ மிஃபூனே, மூத்தவர் சத்தோவாக ஷிமுரா. அவரை நாம் முதலில் பார்ப்பது ஒரு விசாரணையில். கைதான பெண்ணோடு ஐஸ் குச்சி சாப்பிட்டபடி, புகைத்தபடி, அரட்டை மாதிரி பேசியே அவளிடமிருந்து செய்தியை வாங்குகிறார். அங்கே மிஃபூனேயின் பதற்றம் நம் கண்ணில் படுவதே எதிரே இருக்கும் இவருடைய நிதானத்தால்தான்.

'ரஷோமோன்' (1950): விறகுவெட்டி. எனக்குப் புரியவில்லை என்று அவர் தொடங்கிவைப்பதால்தான் கதை நகர்கிறது.

'இக்கிமோனோ நோ கிரோக்கு' (1955): அணுகுண்டுக்கு அஞ்சிக் குடும்பத்தோடு பிரேசில் போகத் துடிக்கும் ஆலை முதலாளி கிழவர் மிஃபூனே. உண்மையில் அவருக்கு வயது 35. ஷிமுரா குடும்ப நீதிமன்றத்தில் சமரசக் குழுவில் உட்காரும் பல் மருத்துவர். அவருக்கு வேலையே கேட்பது, கேட்டுக் கலங்குவது. இதைவிடத் தெளிவான வக்கி நவீன சினிமாவில் எனக்குத் தெரியாது.

'ஏழு சாமுராய்' (1954): இங்கே தலைவரே ஷிமுராதான். ஆனாலும் அவர் ஏற்ற காம்பேய் தன்னைக் காட்டிக்கொள்ளும் ஆள் இல்லை. குழந்தையை மீட்கத் துறவி வேடம் போட ஆற்றங்கரையில் குடுமியை மழிக்கக் கொடுத்தாரே, அதன்பின் படம் நெடுக யோசிக்கும்போதெல்லாம் மழித்த தலையைத் தடவுவார். அந்தச் சின்னக் கைவழக்கத்திலேயே பாத்திரம் முழுமை பெற்றுவிடுகிறது. மிஃபூனே குதிக்க இடம் விட்டுக்கொடுக்கிற நடிப்பு இது.

'இக்கிரு'வில் அவர் முதன்மை நடிகர், ஐயமே இல்லை. ஆகவே ஒரு விதி வைத்துக்கொள்வோம்: பக்கப்பாத்திரம் என்பதைப் படத்துக்குப் படம் தீர்மானிக்க வேண்டும், பக்கநடிகர் என்பதை ஒருவரின் மொத்தத் தொழில்வாழ்வை வைத்துச் சொல்ல வேண்டும். பக்கநடிகர் ஒருவர் முதன்மைப் பாத்திரம் ஏற்பதில் முரண் எதுவும் இல்லை.

மடல் 4

மூன்றாம் மடலின் விதியை ஏற்கிறேன். வலுச்சேர்க்க ஒரு காட்சி: 'ஒத்தோகோ வா த்சுராய் யோ' திரைப்படத் தொடரில் நாடோடி டோரா-சானின் தங்கையுடைய மாமனாராக ஷிமுரா 1, 8, 22-ஆம் படங்களில் வருகிறார் (1969, 1971, 1978). எட்டாவது படத்தில் நாடோடியாக இருப்பதன் சுகத்தைப் பேசும் டோராவிடம், ஊர்ப்புறத்தில் பார்த்த ஒரு வீட்டைப் பற்றிச் சொல்வார். தோட்டத்தில் ரிந்தோ பூ, உள்ளே விளக்கு வெளிச்சம், குடும்பம் சாப்பிட உட்கார்ந்திருக்கிறது. குரல் உயராது. அதைக் கேட்ட டோரா ஊருக்குத் திரும்பிவிடுகிறான். சில நிமிடங்களே வரும் பாத்திரம் நாயகனைத் திருப்பிவிடுகிறது.

எழுதும்போது கவனிக்க வேண்டியவை:

புணர்ச்சி. பக்கம் + நடிகர் = பக்கநடிகர் (பக்கவாத்தியம் போல). வல்லினம் வந்தால் மிகும்: பக்கப்பாத்திரம். பிரித்து 'பக்க நடிகர்' என்று எழுதினால் அம்மா சொன்ன புத்தகப் பக்கம் வந்து நிற்கும், தேடுபொறியும் இரண்டாகப் பிரித்துவிடும். சேர்த்தே எழுதுங்கள்.

பெயர் வரிசை. ஜப்பானியப் படங்களில் நடிகர் பட்டியலின் கடைசி இடம் 'தோமே', மூத்தவருக்குத் தரும் மரியாதை. பட்டியலை மேலிருந்து எண்ணி, கடைசியில் இருப்பவர் சிறியவர் என்று முடிவுகட்டுவது வழக்கமாக நடக்கும் பிழை. இதற்கு நிறைவிடம் என்று வைக்கலாம்.

படக் கணக்கு. இயக்குநர் அகிரா குரோசாவாவின் 30 படங்களில் 21-இல் ஷிமுரா உண்டு; 1943-இல் 'சன்ஷிரோ சுகத்தா' தொடங்கி 1980-இல் 'காகேமுஷா' வரை. காகேமுஷாவின் வெளிநாட்டுப் பதிப்பில் அவர் பகுதியை வெட்டிவிட்டார்கள். அதை மட்டும் பார்த்து எண்ணினால் 20 தான் வரும்.

நிறுவனம். 1953 செப்டம்பரில் ஐந்து ஜப்பானியத் திரைப்பட நிறுவனங்கள் தங்கள் ஒப்பந்த நடிகர்களைப் பிறருக்கு விடுவதில்லை என்று உடன்படிக்கை செய்துகொண்டன. 'ரஷோமோன்' தாயேய் படம், 'இக்கிரு' தோஹோ படம் என்று ஆண்டோடு நிறுவனத்தையும் குறித்தால், பக்கநடிகர் ஒருவர் எப்போது எங்கே போக முடிந்தது என்பது படிப்பவருக்கு விளங்கும். 1954-இல் ஏப்ரலில் 'ஏழு சாமுராய்', நவம்பரில் 'கோஜிரா' (காட்ஜில்லா) என இரண்டும் தோஹோவிலிருந்தே வந்தன. பின்னதில் மிருகத்தைக் கொல்லாமல் ஆராய வேண்டும் என்று மன்றாடும் தொல்லுயிரியலாளர் யமானே அவர்தான்.

மடல் 5

'பக்கவாதம்' பயம் எனக்கு இன்னும் முழுதாகப் போகவில்லை. ஆனால் பக்கவாத்தியம் என்று கேட்டு யாரும் முகம் சுளிப்பதில்லை என்பதும் உண்மை. துணைமாந்த நடிகரைத் திரும்பப் பெறுகிறேன். நிறைவிடம் அருமையான சொல்.

முதல் வரியை இப்படி வைக்கலாமா, ஐயா?

"தகாஷி ஷிமுரா (1905–1982): ஜப்பானியத் திரைப்படப் பக்கநடிகர். 1934 முதல் நடித்தார். 'இக்கிரு'வில் (1952) முதன்மைப் பாத்திரம் ஏற்றார்."

குணச்சித்திர நடிகர் என்று தேடுபவர்களுக்காக அந்தச் சொல்லிலிருந்து ஒரு வழிமாற்று போட்டுவிடுங்கள்.